பஞ்சவர்ணம் அழாத இருபத்திரண்டு நொடிகள்

ஆவணப்படத்துக்கு இசையமைப்பவனை யாரும் தனியாக ஓய்வு கொடுத்து அனுப்புவதில்லை. போன் வருவது குறையும். பிறகு வருகிற போனில் கிரெடிட் கார்டு வேண்டுமா என்று கேட்பார்கள். அதுதான் வழியனுப்பு விழா. எனக்கு மட்டும் முறைப்படி ஓய்வு கொடுத்தவர் ஒரு காது, மூக்கு, தொண்டை டாக்டர். கண்ணாடி அறைக்குள் உட்கார வைத்து, ஹெட்போனை மாட்டி, சத்தம் கேட்கும்போதெல்லாம் பட்டனை அழுத்தச் சொன்னார். நான் பரீட்சை என்றாலே பயப்படுகிறவன். ஒன்றையும் விட்டுவிடக் கூடாது என்று அழுத்திக்கொண்டே இருந்தேன். வெளியே வந்ததும் அவர் தாளைப் பார்த்துவிட்டு, "சார், நீங்க அமுக்குன பாதி நேரம் நாங்க சத்தமே குடுக்கல," என்றார்.

ஆக, ஐம்பத்தைந்து வயதில் மேல் சுருதிகள் என்னிடம் சொல்லிக்கொள்ளாமல் கிளம்பிவிட்டன. பேச்சு கேட்கும், ஆட்டோ ஹாரன் கேட்கும், மனைவி சமையலறையிலிருந்து கூப்பிடுவது தேவைக்கு ஏற்பக் கேட்கும். சிலம்புச் சத்தத்தின் நுனி கேட்காது. இசையமைப்பாளனுக்கு நுனி கேட்காவிட்டால் கடையைச் சாத்த வேண்டியதுதான். சாத்தினேன்.

சென்ற மாதம் பசுமலையில் ஒரு கல்லூரியில் சினிமா படிக்கிற பிள்ளைகளிடம் பேசக் கூப்பிட்டிருந்தார்கள். நான் என் அனுபவத்தைச் சொல்ல வாயைத் திறப்பதற்குள் முதல் வரிசையில் இருந்த ஒரு மாணவி எழுந்தார். "சார், இப்ப ஒரு சாஃப்ட்வேர் வந்திருக்கு. படத்தப் போட்டா அதுவே எரைச்சல எடுத்துட்டு, அதுவே மியூசிக்கும் போட்டுருது. ரெண்டு நிமிஷந்தான். நீங்க முப்பது வருசமா என்ன சார் பண்ணீங்க?"

கேள்வியில் கிண்டல் இல்லை. நிஜமாகவே தெரிந்துகொள்ளக் கேட்டார். அதுதான் சிக்கல். கிண்டலுக்குப் பதில் கிண்டல் என்னிடம் எப்போதும் இருப்பு உண்டு. நிஜமான கேள்விக்கு இருப்பு கிடையாது. பதில் யோசிப்பதாக நினைத்துக்கொண்டு நின்றேன். துறைத்தலைவர் மெதுவாக என் கையைத் தொட்டபோதுதான் தெரிந்தது, மேடை மைக்கின் வயரைப் பாதி சுருட்டி முடித்திருந்தேன்.

இந்த வியாதியை இங்கேயே சொல்லிவிடுகிறேன். மற்றவர்களுக்குப் பதற்றம் வந்தால் வியர்க்கும், நாக்கு வறளும். நான் வயர் சுருட்டுவேன். பக்கத்தில் எந்த வயர் கிடந்தாலும் முழங்கைக்கும் உள்ளங்கைக்கும் நடுவே அழகாகச் சுருட்டி முடிச்சும் போட்டுவிடுவேன். அது வேலையில் இருக்கிற வயரா, சும்மா கிடக்கிற வயரா என்பதெல்லாம் பிறகு வருகிற யோசனை. மெல்லிசைக் குழுவில் கீபோர்டு வாசித்த காலத்தில் ஒட்டிக்கொண்டது. வீட்டில் சௌராஷ்டிரம் பேசி, தெருவில் தமிழ் பேசி, மேடையில் எந்தப் பாஷையும் பேசாமல் கீபோர்டுக்குப் பின்னால் ஒளிந்துகொண்ட காலம் அது. பிறகு சினிமாவுக்கு இசையமைக்கச் சென்னை போனேன். பதினொரு மாதத்தில், சினிமா என்னை மறக்கும் முன்பு நானே முந்திக்கொண்டு திரும்பினேன். சினிமாவுக்கு என்னைத் தெரியவே தெரியாது என்பது வேறு விஷயம். தெற்கு மாசி வீதியில் மாடியில் ஒரு அறை, ஒரு கம்ப்யூட்டர், எதிரொலி அடங்கச் சுவரில் ஒட்ட முட்டை அட்டை. பயிற்சிக் காலம் முடிந்தது.

முதலில் வந்ததெல்லாம் விழிப்புணர்வுப் படங்கள். கொசு ஒழிப்புப் படம் ஒன்றுக்குக் கொசு வருகிற இடங்களில் கிளாரினெட்டில் ஒரு சின்ன மெட்டு போட்டேன். நான் போட்டதிலேயே நல்ல மெட்டு அது. அதிகாரி படத்தைக் கடைசிவரை பார்த்தார். பிறகு, "கொசுவுக்கு எதுக்கு இம்புட்டு நல்ல மியூசிக்கு? பாக்குறவன் அடிக்க யோசிப்பான்ல?" என்றார். மெட்டைக் கொசுவிடமிருந்து பிடுங்கி, கொசு வலைக்குக் கொடுத்தேன். என் வாழ்க்கையில் முதன்முதலாக, இசை ஒரு கட்சி எடுக்கிறது என்று ஒருவர் சொல்லிக் கேட்டது அப்போதுதான். எனக்குப் புரியவில்லை. புரிய வைக்கத் தேவசகாயம் சார் வர வேண்டியிருந்தது.

தேவசகாயம் சார் பள்ளிக்கூட வாத்தியார் வேலையை விட்டுவிட்டு ஆவணப்படம் எடுக்க வந்தவர். வேலையைத்தான் விட்டார், சிவப்புப் பென்சிலை விடவில்லை. எந்நேரமும் எவர்சில்வர் டம்ளரில் வெந்நீர். குரல் உயராது. பாராட்டு கிடையாது. ஒரு இசை சரியாக இருந்தால் "அடுத்து" என்பார். அவ்வளவுதான். பதினொரு படம் சேர்ந்து செய்திருக்கிறோம். "நல்லாருக்கு" என்று அவர் சொல்லி ஒரே ஒரு தடவை கேட்டிருக்கிறேன், மாட்டுத்தாவணியில் ஒரு கடையில் உளுந்த வடையைப் பற்றி.

அவரோடு செய்த முதல் படம் கண்மாய் தூர்வாருவது பற்றி. படம் இருபத்தெட்டு நிமிடம். நான் போட்டுக்கொண்டு போன இசை முப்பத்தொரு நிமிடம். படம் முடிந்து, பெயர்கள் ஓடி முடிந்து, திரை கறுப்பான பிறகும் வயலின் தன்பாட்டுக்கு அழுதுகொண்டிருந்தது. அவர் பொறுமையாகக் கடைசிவரை கேட்டுவிட்டு நான்கு நிமிடத்தை வைத்துக்கொண்டார்.

"மிச்சத்த என்ன சார் பண்றது?"

"வீட்டுக்குக் கொண்டு போ தம்பி."

அவர் வேலை செய்கிற விதம் இது. படத்தை இசையே இல்லாமல் ஒரு தடவை சேர்ந்து பார்ப்போம். என் மடியில் ஒரு நீள நோட்டு. அதில் மூன்று கட்டம்: இசை எந்த நொடியில் நுழைகிறது, எந்த நொடியில் வெளியேறுகிறது, ஏன். முதல் இரண்டு கட்டத்தை அவர் பார்க்கவே மாட்டார். மூன்றாவதைத்தான் வாசிப்பார். ஆரம்பத்தில் "அழகுக்காக" என்று எழுதுவேன். சிவப்பு வட்டம் விழும். "சும்மா இருக்கிறதே என்று" எனவும் ஒரு தடவை உண்மையை எழுதிப் பார்த்தேன், இரண்டு வட்டம். பிறகு ஒவ்வொரு இடமாக நிறுத்தி ஒரே ஒரு கேள்வி கேட்பார்:

"தம்பி, இது யாரு சொல்றது?"

திரையில் இருக்கிற ஆள் சொல்வதா, நான் சொல்வதா என்று அர்த்தம். ஒரு விவசாயி வரப்பில் நடக்கிறார். நான் சோகமாக ஒரு குழல் வைத்தால், சோகம் அவருடையதா என்னுடையதா? அவர் ஒருவேளை மத்தியானம் சாப்பாட்டுக்குப் போகலாம். கதைப்படத்தில் அழுகிறவர் நடிகர். அவருக்காக வயலினும் அழுதால் கேட்பாரில்லை. நம் படத்தில் வருகிறவருக்கு ஒரு வீடு இருக்கிறது, தெரு இருக்கிறது, மறுநாள் அந்தத் தெருவில் அவர் நடக்க வேண்டும். இதை அவர் ஒரு தடவைதான் விளக்கினார். மற்ற நேரமெல்லாம் கேள்வி மட்டும்.

அவருடைய இன்னொரு வழக்கம்: படம் யாரைப் பற்றியதோ, அவருக்குத்தான் முதலில் போட்டுக்காட்டுவார். அவர் வேண்டாம் என்றால் படம் வெளியே போகாது. எழுத்தில் கொடுத்த வாக்கு. பத்து படத்தில் யாரும் வேண்டாம் என்று சொன்னதில்லை.

பதினோராவது படம் பஞ்சவர்ணத்தைப் பற்றி.

பஞ்சவர்ணம் அவனியாபுரத்தில் வெல்டிங் பட்டறை நடத்துகிறார். கேட், ஜன்னல் கம்பி, சரக்கு வண்டிக்கு பாடி கட்டுவது. பட்டறை அவருடைய வீட்டுக்காரர் ஆரம்பித்தது. அவர் ஒரு நாள் காலையில் நெஞ்சுவலியில் போய்விட்டார். பஞ்சவர்ணம் பட்டறையை விடாமல் எடுத்து நடத்தினார். தேவசகாயம் சார் இரண்டு வருடம் விட்டு விட்டுப் படம் எடுத்தார். நான் ஒரு தடவைகூட பட்டறைக்குப் போகவில்லை. இரைச்சல் காதுக்குக் கெடுதல் என்று டாக்டர் சொன்னதாக நானே சொல்லிக்கொண்டேன்.

படத்தின் நடுவே ஒரு இடம். பஞ்சவர்ணம் ஒரு ஸ்டூலில் உட்கார்ந்து பேசுகிறார். "காலையில நல்லாத்தான் கெளம்பிப் போனாரு. பத்து மணிக்குப் போனு வந்துச்சு." அவ்வளவுதான் சொல்வார். பிறகு பேச்சில்லை. தலை மெல்ல ஒரு பக்கமாகச் சாய்கிறது, கண் எங்கோ நிலைக்கிறது, உதடு இறுகுகிறது. இருபத்திரண்டு நொடி. காட்சி அங்கே வெட்டுப்படுகிறது.

இப்படி ஒரு இடம் கிடைத்தால் என்னைப் போன்றவனுக்குக் கை சும்மா இருக்குமா? ஆனால் பின்னணியில் ஒரே இரைச்சல். பட்டறைக்குள் யாரோ இரும்பு அறுத்துக்கொண்டிருக்கிறார்கள். சின்னப் படங்களில் ஒலியைச் சுத்தம் செய்வதும் இசையமைப்பாளன் தலையில்தான். அதற்கு ஒரு முறை உண்டு. பேச்சில்லாத இடமாகப் பார்த்து ஒரு நொடியை எடுத்துக் கம்ப்யூட்டருக்குக் காட்டிக்கொடுக்க வேண்டும்: "இதுதான் இரைச்சல், இதைப் போல எது வந்தாலும் எடுத்துவிடு." நான் அந்த இருபத்திரண்டு நொடிக்குள்ளிருந்தே ஒரு நொடியை எடுத்துக் காட்டிக்கொடுத்தேன். இரைச்சல் போனது. பட்டறை கோயில் மாதிரி ஆனது. அதன் மேல் ஒரு வயலின் வைத்தேன். தனி வயலின், கீழ்ச் சுருதி, கடைசியில் கொஞ்சம் நடுங்கி நிற்கும். போட்டுக் கேட்டேன். எனக்கே கண் கலங்கிவிட்டது. நோட்டில் மூன்றாவது கட்டத்தில் "துக்கம்" என்று எழுதினேன்.

தேவசகாயம் சார் கேட்டார். வெந்நீரைக் கீழே வைத்தார்.

"இது யாரு சொல்றது தம்பி?"

"அவங்கதான் சார்."

என்னை ஒரு தடவை பார்த்தார். பிறகு, "அடுத்து," என்றார். பதினொரு படத்தில் அவர் என்னை நம்பிய ஒரே இடம் அதுதான் என்று நினைக்கிறேன்.

இசையை நான் ஒரு வாரம் தாமதமாகத்தான் முடித்தேன். அதனால் பஞ்சவர்ணத்துக்குப் போட்டுக்காட்டுவது தள்ளிக்கொண்டே போய், திரையிடுகிற நாள் காலை பதினொரு மணிக்கு வந்து நின்றது. மாலை ஆறரைக்கு அவனியாபுரத்திலேயே ஒரு கல்யாண மண்டபத்தில் திரையிடல். பட்டறைக்காரர்கள், வியாபாரிகள், சொந்தக்காரர்கள் எல்லோருக்கும் சொல்லியாகிவிட்டது.

மெஷின்களை நிறுத்திவிட்டு, பட்டறை மேஜையில் சாரின் லேப்டாப்பில் பார்த்தோம். பஞ்சவர்ணம் கையைக் கட்டிக்கொண்டு நின்றபடியே பார்த்தார். பக்கத்தில் மாயாண்டி, அங்கே இருபது வருடமாக வேலை பார்க்கிற வெல்டர். என் வயலின் வந்தது. நடுங்கி நின்றது. நான் ஓரக்கண்ணால் பஞ்சவர்ணத்தைப் பார்த்தேன், அழுகிறாரா என்று. எனக்கு அப்படி ஒரு ஆசை.

படம் முடிந்தது. பஞ்சவர்ணம் கட்டியிருந்த கையைப் பிரித்தார்.

"படம் நல்லாருக்கு சார். ஆனா அந்த எடத்துல நான் எதுக்கு அழுகுறேன்?"

"நீங்க அழுகலையேம்மா," என்றார் சார்.

"நான் அழுகல. படம் அழுகுதுல்ல." என் பக்கம் திரும்பினார். "அந்தப் பிடில யாரு போட்டது?"

நான் அந்த நேரம் ஒரு வயரைச் சுருட்டிக்கொண்டிருந்தேன். லேப்டாப்பின் சார்ஜர் வயர்.

"அண்ணே, ஒங்களத்தான்."

"நாந்தாங்க."

"நல்லாத்தான் வாசிச்சிருக்கீக. ஆனா அது எனக்கு வேணாம்ணே." பஞ்சவர்ணம் ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். கோபம் இல்லை, ஒரு ஆர்டரின் அளவைச் சொல்வது மாதிரி சொன்னார். "இந்த ஷெட்டு எடம் எங்க வீட்டுக்காரரு பேர்லயும் என் கொழுந்தன் தவமணி பேர்லயும் கூட்டா கெடக்கு. அடுத்த மாசம் எனக்கு எழுதிக் குடுக்குறதா இல்ல அவனே எடுத்துக்கிறதான்னு பேச்சு. மூணு வருசமா ஒரே பாட்டுத்தான் பாடுறான். 'மதினி பாவம், ஒத்தையில கெடந்து அழுகுது, அதுக்கு எதுக்கு இந்த இரும்புக் கடை, நாம பாத்துக்குவோம்'னு. இன்னைக்குச் சாயங்காலம் ஊர்ப் பெரியாளுக நாலு பேரக் கூட்டிக்கிட்டு வாரான். இத அவுக பாத்தா என்ன சொல்லுவாக? தவமணி சொன்னது நெசந்தான்னு சொல்லுவாக."

பஞ்சவர்ணம் சார் பக்கம் திரும்பினார். "அதனால மன்னிச்சுக்கங்க சார். இந்தப் படம் வேணாம்," என்றார்.

இரண்டு வருட வேலை. எழுத்தில் கொடுத்த வாக்கு. சார், "சரிம்மா," என்றார். எனக்குத்தான் தாங்கவில்லை.

"சார், வயலின எடுத்துட்டுத் தபேலா போட்டுருவோம் சார். கொஞ்சம் தைரியமா இருக்கும். இல்லன்னா வீணை. வீணை துக்கமும் இல்லாம சந்தோசமும் இல்லாம..."

"தம்பி." சார் குரல் உயரவில்லை. "தபேலா யாரு சொல்றது?"

"நான் சொல்றது சார்."

"வயலினு?"

சார்ஜர் வயரைக் கீழே வைத்தேன். "அதுவும் நாந்தான் சார்."

சிவப்புப் பென்சில் கையில் இல்லாததால் அவர் தலையை மட்டும் ஆட்டினார். பிறகு, இரண்டு வருடத்தில் நாங்கள் இருவரும் கேட்காத ஒரு கேள்வியைப் பஞ்சவர்ணத்திடம் கேட்டார். "நீங்க அப்ப என்னம்மா பண்ணிக்கிட்டு இருந்தீங்க?"

பஞ்சவர்ணத்துக்கு ஞாபகம் இல்லை. "பிடிலு இல்லாமப் போடுங்க, பாப்போம்," என்றார். இசையை அடைத்துவிட்டு அந்த இடத்தை மட்டும் ஓட்டினேன். சுத்தமான மௌனம். என் கைவண்ணம்.

"என்னண்ணே, சத்தத்தையே காணோம்? இது எம் பட்டறையா? எல்லா மிசுனும் செத்துப் போச்சா?"

மாயாண்டி முதன்முறையாக வாயைத் திறந்தார். "நாங்க அன்னைக்குப் பூரா வேலதான பாத்தோம். நாலு அங்குல இரும்பு ஆங்கிள் அறுத்துக்கிட்டு இருந்தேன்."

மணி பன்னிரண்டு. சுத்தம் செய்யாத மூல ஒலிப்பதிவு என் அறையில் இருந்தது. அதை நான் போட்டு வைத்திருந்த ஃபோல்டரின் பெயர் "குப்பை". வாரம் ஒருமுறை அழித்துவிடுவது என்று ஒரு கொள்கை உண்டு. கொள்கையைக் கடைப்பிடிக்காத சோம்பேறியாக இருந்ததால்தான் இந்தக் கட்டுரையை எழுதுகிறேன். "ஆறு மணிக்குள்ள கொண்டு வாரோம். நீங்க பாத்துட்டு வேணாம்னா வேணாம்," என்று சார் சொல்ல, பஞ்சவர்ணம் மாயாண்டியைப் பார்த்து, "மிசுனப் போடுங்கண்ணே," என்றார். எங்களுக்குப் பதில் அதுதான்.

அறைக்கு வந்து மூல ஒலியை ஓட்டினோம். நானும் சாரும் ஆளுக்கொரு ஹெட்போன். இரும்பு அறுக்கிற ஓசை. ஆறு தடவை கேட்டோம். எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. சுருதி பார்த்தேன், தாளம் பார்த்தேன். கடைசியில் பஞ்சவர்ணத்துக்குப் போன் போட்டு, ஸ்பீக்கருக்குப் பக்கத்தில் போனை வைத்து ஓட்டினேன்.

"இருங்க... இருங்க... ம், அந்தா. இப்பக் கேட்டுச்சா?"

"என்னதுங்க?"

"வீலுண்ணே. அறுக்குற வீலு ஓரத்துல செதறிருச்சு. ஒரு சுத்துக்கு ஒரு தடவ டக்குன்னு ஒதைக்குது பாருங்க. இன்னும் கொஞ்சம் அறுத்தா வெடிச்சு மூஞ்சில அடிச்சிரும். அதத்தான் கேட்டுக்கிட்டு இருந்திருக்கேன். வீலா, ஆங்கிளு ஆடுதான்னு."

மறுபடி ஓட்டினேன். இருந்தது. இரைச்சலுக்கு உள்ளே, மெல்லிய ஒரு உதை. கம்ப்யூட்டருக்கு நான் காட்டிக்கொடுத்த அந்த ஒரு நொடியின் நடுவிலேயே இருந்தது. இசையால் பிழைக்கிற என் காதுக்கு எட்டாவது தடவை, அதுவும் சொல்லிக் கொடுத்தபின் கேட்டது. புருஷன் இறந்ததைப் பேசிக்கொண்டிருந்தபோதே அவருக்கு முதல் தடவையில் கேட்டிருக்கிறது.

சார் படத்தின் மூலப் பதிவைத் திறந்தார். காட்சியை அவர் வெட்டிய இடத்துக்கு அப்பால் என்ன இருக்கிறது என்று பார்க்க. வெட்டிய இடத்திலிருந்து ஆறாவது நொடியில் பஞ்சவர்ணம் குரல் கொடுக்கிறார்: "மாயாண்டிண்ணே, வீல மாத்துங்க." ஓசை நிற்கிறது. அவர் கேமரா பக்கம் திரும்பி, விட்ட இடத்திலிருந்து தொடர்கிறார்: "பதினாறு கும்பிட்ட மறுநா பட்டறையத் தொறந்துட்டேன்."

"நான்தான் தம்பி வெட்டுனேன்," என்றார் சார். "இடைஞ்சல்னு நெனச்சேன்." வெந்நீர் டம்ளரைத் தேடினார், அவசரத்தில் பட்டறையிலேயே விட்டு வந்திருந்தார். மனிதர் பதறியதற்கு என்னிடம் உள்ள ஒரே சாட்சி அந்த டம்ளர்.

வெட்டியதை ஒட்டினார். நான் வயலினை எடுத்தேன், இரைச்சலைத் திரும்ப வைத்தேன். நோட்டில் "துக்கம்" என்பதை அடித்துவிட்டு "வீல்" என்று எழுதினேன். படத்தை மறுபடி ஒரே கோப்பாக மாற்ற லேப்டாப் எடுத்துக்கொண்டது இரண்டு மணி இருபது நிமிடம். அந்த நேரத்தில் என் அறையிலிருந்த எல்லா வயரையும் சுருட்டி, ஆணியில் மாட்டி, அளவு வாரியாகப் பிரித்தும் வைத்துவிட்டேன். ஷேர் ஆட்டோவில் ஒரு கூடை வெண்டைக்காய்க்கும் ஒரு போலீஸ்காரருக்கும் நடுவில் உட்கார்ந்து, ஹார்ட் டிஸ்கை மடியில் வைத்துக்கொண்டு ஆறு மணிக்குப் போய்ச் சேர்ந்தோம்.

பஞ்சவர்ணம் மண்டப வாசலிலேயே நின்றபடி அந்த இடத்தை மட்டும் பார்த்தார். "இதான் நானு," என்றார். "போடுங்க."

ஆறரைக்குப் படம் தொடங்கியது. தொடங்கிய இரண்டாவது நிமிடம் சார் என் பக்கம் குனிந்தார்.

"தம்பி, எடப்பக்கம் ஸ்பீக்கர்ல சத்தம் வரல."

"பாக்குறேன் சார்."

"ஒங்கையில என்னது?"

இடப்பக்க ஸ்பீக்கரின் வயர். போய் மாட்டிவிட்டு வந்தேன்.

இரண்டாவது வரிசையில் தவமணி. வெள்ளைச் சட்டை, பக்கத்தில் நான்கு பெரியவர்கள். கெட்டவர் மாதிரி தெரியவில்லை. படத்தை அக்கறையாகத்தான் பார்த்தார். அந்த இடம் வந்தது. "பத்து மணிக்குப் போனு வந்துச்சு," என்று திரையில் பஞ்சவர்ணம் சொன்னதும் தவமணி தலையைக் குனிந்து பெரியவர்களிடம் ஏதோ சொல்ல ஆரம்பித்தார். அண்ணனைப் பற்றியதாக இருக்கலாம். நான் மட்டும் மனதுக்குள் எண்ணினேன். ஒன்று, இரண்டு, மூன்று. அறுக்கிற ஓசை மண்டபம் முழுக்க. வயலின் இல்லாமல் இருபத்திரண்டு நொடி எவ்வளவு நீளம் என்று அன்றுதான் தெரிந்தது. ஒரு தொழிலில் இத்தனை வருடம் இருந்துவிட்டு, ஒன்றுமே செய்யாமல் உட்கார்ந்திருப்பது எனக்கு அதுதான் முதல் தடவை. கைக்கு வயரும் இல்லை.

பதினைந்தாவது நொடியோ பதினாறோ, பின்வரிசையில் ஒரு குரல்: "வீலு போச்சுடா."

இன்னொருவர்: "ஆமா மாப்ள, ஒதைக்குது."

பட்டறைக்காரர்கள் வரிசை வரிசையாகத் தலையைச் சாய்த்துக் கேட்டார்கள். திரையில் பஞ்சவர்ணத்தின் தலை சாய்ந்திருந்த அதே சாய்ப்பு. பிறகு திரையில், "மாயாண்டிண்ணே, வீல மாத்துங்க." மண்டபம் சிரித்தது. யாரோ விசில் அடித்தார்கள். மாயாண்டி எழுந்து நின்று ஒரு கும்பிடு போட்டு உட்கார்ந்தார்.

தவமணிக்குப் பக்கத்தில் இருந்த பெரியவர் மெதுவாகக் கேட்டார். நான் நேர் பின்னால் இருந்ததால் காதில் விழுந்தது.

"ஏப்பா தவமணி, ஒனக்குக் கேட்டுச்சா?"

"எது மாமா?"

"அந்த வீலு சத்தம்."

தவமணி கொஞ்சம் யோசித்தார். "கேக்கல மாமா."

"ஒம் மதினிக்குக் கேட்டிருக்கேப்பா."

அவ்வளவுதான் பேச்சு. அடுத்த மாதம் ஷெட் இடத்தைப் பஞ்சவர்ணம் பேருக்கு எழுதிக் கொடுத்தார்கள். படத்தால்தான் என்று நான் சொல்ல மாட்டேன். சார் ஒருபோதும் சொன்னதில்லை. என் வயலின் இருந்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று மட்டும் அவ்வப்போது நினைத்துப் பார்ப்பேன். நினைத்தால் வீட்டில் மிக்ஸி வயர் சுருண்டிருக்கும்.

அன்று வாசலில் பஞ்சவர்ணம் என்னைப் பிடித்துக்கொண்டார். "அண்ணே, அந்த எடத்துல மியூசிக்கு நல்லாருந்துச்சு."

"அங்க மியூசிக்கே இல்லைங்க."

"அதான்ணே."

பின்னால் நின்ற சார், "அடுத்து," என்று சொல்லிவிட்டு டம்ளரை வாங்கப் பட்டறைப் பக்கம் நடந்தார்.

பசுமலைக் கல்லூரியில் அந்த மாணவிக்கு இதை இவ்வளவு விரிவாகச் சொல்ல நேரம் இல்லை. அதனால் படத்தின் அந்த இருபத்திரண்டு நொடித் துண்டை, குப்பை ஃபோல்டரில் இருந்த மூல ஒலியோடு, அவருக்கு அனுப்பிவைத்தேன். அந்த சாஃப்ட்வேரில் போட்டுப் பார்க்கச் சொன்னேன். ஒரு மணி நேரத்தில் திரும்பி வந்தது. இரைச்சலைச் சுத்தமாக எடுத்திருந்தது. பஞ்சவர்ணத்தின் முகத்தைப் பார்த்து, அதுவே யோசித்து, ஒரு தனி வயலின் போட்டிருந்தது. கீழ்ச் சுருதி. கடைசியில் கொஞ்சம் நடுங்கி நிற்கிறது. என் வயலினைவிடக் கொஞ்சம் நன்றாகவே இருந்தது என்பதையும் சொல்லிவிட வேண்டும். நான் ஒரு வாரம் தாமதமாகச் செய்த தப்பை அது இரண்டு நிமிடத்தில் செய்துவிட்டது.

அதைப் பஞ்சவர்ணத்துக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பினேன். சாயங்காலம் வாய்ஸ் மெசேஜ் வந்தது. பின்னால் பட்டறை இரைச்சல்.

"அண்ணே, நல்லாருக்கீகளா? இப்பவும் நான் அழுகலண்ணே. யாரு இது மறுபடியும்..." அங்கே பேச்சு நின்றது. இரைச்சல் மட்டும் ஓடியது. போனைக் காதோடு அழுத்திக்கொண்டு கேட்டேன். எனக்கு ஒன்றும் கேட்கவில்லை. பிறகு அவர் குரல், போனிலிருந்து தள்ளி:

"மாயாண்டிண்ணே. வீலு."